ஊதச் சொன்னால் ஊதுங்கள், சீட்டைக் கேட்டு வாங்குங்கள்

(நம் குடியிருப்போர் நலச் சங்கத்தின் காலாண்டுக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



தலைவர் என்னிடம் சேமிப்புத் திட்டங்களைப் பற்றித்தான் பேசச் சொன்னார். வங்கியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் வேறென்ன பேசுவான் என்று நினைத்திருப்பார். நான்தான் வேறு விஷயம் பேச அனுமதி கேட்டேன். குடித்துவிட்டு வண்டி ஓட்டியதாக ஒருவர் மீது வழக்கு வந்தால் என்ன நடக்கிறது, அந்தச் சோதனை தவறாக இருந்தால் எப்படி மறுப்பது, மறுக்க முடியாத இடம் எது என்பதுதான் விஷயம். நான் வக்கீல் இல்லை, பி.காம். படித்தவன். ஆனால் என் குடும்பத்தில் ஒரு வழக்கு வந்த பிறகு, சட்டப் புத்தகத்தையும் தீர்ப்புகளையும் உட்கார்ந்து படித்தேன். படித்ததைச் சொல்கிறேன்.

இந்தக் குடியிருப்பில் பாதிப் பேருக்கு நாகலாபுரம், புதூர், விளாத்திகுளம் பக்கம்தான் சொந்த ஊர். கோயில் கொடை, கல்யாணம், காதுகுத்து என்று வார இறுதியில் போய்விட்டு ராத்திரியோடு ராத்திரியாகத் திரும்புகிறோம். அதனால் இது யாருக்கோ நடக்கிற விஷயம் இல்லை.

முதலில் என் அக்கா மகன் கதை. நாகலாபுரத்தில் இருக்கிறான். சொந்தமாக ஒரு லோடு வேன் வைத்து ஓட்டுகிறான். மக்காச்சோளமும் மிளகாய் வத்தலும்தான் அவனுக்குச் சோறு போடுகின்றன. ஒரு நாள் ராத்திரி மூட்டைகளை இறக்கிவிட்டுத் திரும்பும்போது வயிறு சரியில்லை என்று, வண்டியில் வைத்திருந்த அரிஷ்டத்தை இரண்டு மூடி குடித்திருக்கிறான். ஐந்தாவது நிமிஷம் வாகனச் சோதனை. ஊதினான். மெஷின் 30-ஐத் தாண்டிக் காட்டியது. கோபத்தில் சத்தம் போட்டான். பிறகு பயந்துபோய், காட்டிய இடத்தில் கையெழுத்துப் போட்டான். சீட்டு கேட்கவில்லை. ரத்தப் பரிசோதனை கேட்கவில்லை. அரிஷ்டம் குடித்ததைக்கூட ஒழுங்காகச் சொல்லவில்லை. கோர்ட்டில் குற்றத்தை ஒப்புக்கொண்டு 10,000 ரூபாய் கட்டிவிட்டு வந்துவிட்டான்.

லைசென்ஸை நிறுத்திவைப்பதாக நோட்டீஸ் வந்த பிறகுதான் எனக்கே தெரியும். "ஏன்டா, அப்பவே எனக்கு ஒரு போன் போட்டிருக்கக் கூடாதா?" என்றேன். "பத்தாயிரத்தோட முடிஞ்சிரும்னு சொன்னாங்க மாமா" என்றான். முடியவில்லை. லைசென்ஸ் இல்லாமல் வேன் வாசலில் நின்றது, தவணை மட்டும் ஓடியது.

அவன் அன்று சாராயம் குடித்தானா? இல்லை என்கிறான், நான் நம்புகிறேன். ஆனால் மாமன் நம்புவது கோர்ட்டில் செல்லாது. காகிதம்தான் செல்லும். அவன் கையில் ஒரு காகிதமும் இல்லை.

இரண்டாவது கதை இதற்கு நேர் எதிர். என்னோடு பள்ளிக்கூடத்தில் படித்தவர், விடியற்காலையில் புஞ்சைக்கு நடந்துபோகும்போது பைக் மோதி இறந்துபோனார். ஓட்டி வந்தவனிடம் வாடை அடித்ததாகக் கூடியிருந்த அத்தனை பேரும் சொன்னார்கள். ஆனால் ரத்தம் எடுத்தது மறுநாள் சாயங்காலம். அதற்குள் உடம்பில் இருந்தது எல்லாம் இறங்கிவிட்டது. குடித்திருந்தான் என்ற குற்றச்சாட்டு நிற்கவில்லை. அவர் மனைவி என்னிடம் கேட்டார்: "ஊரே மோந்து பாத்துச்சே அண்ணாச்சி, அது பத்தாதா?"

பத்தாது. 1971-இல் பச்சுபாய் ஹசன்அலி கர்யானி வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. வாடை அடித்தது, நடை தள்ளாடியது, கண்மணி விரிந்திருந்தது என்பதை மட்டும் வைத்துக் குடித்திருந்தார் என்று முடிவுகட்ட முடியாது, ரத்தமோ சிறுநீரோ பரிசோதிக்கப்பட்டிருக்க வேண்டும் என்பது அந்தத் தீர்ப்பின் சாரம்.

இரண்டு கதையிலும் தவறு ஒன்றுதான். சாட்சியத்தை அந்த நேரத்தில் ஒழுங்காக எடுக்கவில்லை. ஒரு கதையில் குற்றம் செய்யாதவன் மாட்டினான். இன்னொன்றில் செய்தவன் தப்பினான்.

இனி சட்டம். மோட்டார் வாகனச் சட்டம் 1988, பிரிவு 185. நூறு மில்லி ரத்தத்தில் 30 மில்லிகிராமுக்கு மேல் மது இருந்தால் குற்றம். 2019 செப்டம்பர் 1 முதல் தண்டனை கூடிவிட்டது. முதல் தடவை 6 மாதம் வரை சிறை, அல்லது 10,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். மறுபடி மாட்டினால் 2 வருஷம் வரை சிறை, அல்லது 15,000 ரூபாய், அல்லது இரண்டும். ஹெல்மெட் அபராதம் மாதிரி இதை ரோட்டிலேயே கட்டி முடிக்க முடியாது. நடுவர் நீதிமன்றத்துக்குப் போயே ஆக வேண்டும். அங்கே ஒப்புக்கொண்டால் அது வெறும் அபராத ரசீது இல்லை, தண்டனைத் தீர்ப்பு. அடுத்த முறை "இரண்டாவது தடவை" என்று எண்ணுவது இதை வைத்துத்தான்.

பிரிவு 203: சீருடையில் இருக்கும் போலீஸ் அதிகாரி, சந்தேகப்பட நியாயமான காரணம் இருந்தால் ஊதச் சொல்லலாம். மெஷின், மத்திய அரசு அறிவிக்கையில் ஏற்ற வகையாக இருக்க வேண்டும். பிரிவு 204: கைதானவரிடம் பதிவுபெற்ற மருத்துவர் மூலம் ரத்தம் எடுக்கலாம். பெண்ணாக இருந்தால் பெண் மருத்துவர் எடுக்க வேண்டும், அல்லது ஒரு பெண் உடன் இருக்க வேண்டும். பிரிவு 202: 185-இன் கீழ் கைது செய்தால் இரண்டு மணி நேரத்துக்குள் மருத்துவப் பரிசோதனை செய்ய வேண்டும், இல்லையென்றால் காவலிலிருந்து விட்டுவிட வேண்டும். பிரிவு 205-ஐ மறந்துவிடாதீர்கள். தகுந்த காரணம் இல்லாமல் ஊத மறுத்தாலோ ரத்தம் தர மறுத்தாலோ, அந்த மறுப்பே உங்களுக்கு எதிரான சாட்சியமாக எடுத்துக்கொள்ளப்படலாம். "ஊதாதே, ஊதினால்தானே கேஸ்" என்று டீக்கடையில் சொல்லும் யோசனை உங்களைக் கவிழ்த்துவிடும்.

மெஷின் எப்படி வேலை செய்கிறது என்று பார்ப்போம். அது ரத்தத்தைத் தொடுவதே இல்லை. நுரையீரலின் ஆழத்திலிருந்து வரும் காற்றில் உள்ள மதுவை அளந்து, ரத்தத்தில் இருப்பது அதைப்போல் ஏறத்தாழ 2,100 மடங்கு என்று ஒரு கணக்குப் போட்டு எண்ணைக் காட்டுகிறது. இந்த 2,100 ஒரு சராசரி. ஆளுக்கு ஆள் கொஞ்சம் மாறும். அதைவிடப் பெரிய சிக்கல் வாய். காற்று நுரையீரலிலிருந்து வருகிறதா, வாயில் ஒட்டியிருக்கும் மதுவிலிருந்து வருகிறதா என்று பல மெஷின்களுக்குப் பிரித்துப் பார்க்கத் தெரியாது. மவுத்வாஷ், சில இருமல் மருந்துகள், அரிஷ்டம் எல்லாம் வாயில் இருந்தால் எண் எகிறும். பதினைந்து இருபது நிமிஷம் போனால் வாயில் இருப்பது போய்விடும்.

பலாப்பழம்கூட இந்த வேலையைச் செய்யும். 2025 ஜூலையில் கேரளத்தில் பந்தளம் அரசுப் பேருந்துப் பணிமனையில், காலையில் ஊதிய ஓட்டுநர்களுக்கு மெஷின் மதுவைக் காட்டியது. அவர்கள் குடிக்கவில்லை என்றார்கள். விசாரித்தால், எல்லோரும் நன்றாகப் பழுத்த பலாச்சுளை தின்றிருந்தார்கள். ஏற்கெனவே ஊதிப் பூஜ்யம் காட்டிய ஒருவரைச் சுளை தின்னச் சொல்லி மறுபடி ஊத வைத்தார்கள். அவருக்கும் எண் வந்தது. அங்கே நடந்த நல்ல காரியம், சந்தேகம் வந்ததும் அப்போதே, அந்த இடத்திலேயே மறுபடி சோதித்துப் பார்த்தது.

அதே 2025-இல் கேரள உயர் நீதிமன்றம் ஒரு வழக்கை ரத்து செய்தது. ஆளை ஊதச் சொல்வதற்கு முன், மெஷினை வெறும் காற்றில் ஓட்டிப் பூஜ்யம் காட்டுகிறதா என்று பார்க்க வேண்டும். அந்த வழக்கில், யாரும் ஊதுவதற்கு முன்பே மெஷின் மது இருப்பதாகக் காட்டியிருந்தது. அப்படிப்பட்ட மெஷின் பிறகு காட்டிய எண்ணை நம்பி வழக்கு நடத்த முடியாது என்று நீதிமன்றம் சொன்னது. தராசின் முள் நடுவில் நிற்கிறதா என்று பார்க்காமல் நாம் மளிகை வாங்குவோமா?

ரத்தப் பரிசோதனை இதைவிட உறுதியானது. ஆனால் அதற்கும் ஒழுங்கு வேண்டும். ஊசி போடும் இடத்தை ஸ்பிரிட்டால் துடைக்கக் கூடாது, ஸ்பிரிட்டே மதுதான். ரத்தம் கெடாமல் இருக்கச் சோடியம் ஃபுளோரைடு போட்ட குப்பியில் எடுக்க வேண்டும். நம் கரிசல் வெயிலில் மருந்து போடாத குப்பியில் ரத்தம் புளித்து, தானே மதுவை உண்டாக்கும். குப்பியில் பெயர், நேரம், சீல் இருக்க வேண்டும். அங்கிருந்து தடய அறிவியல் ஆய்வகம் வரை யார் கையிலிருந்து யார் கைக்குப் போனது என்ற பதிவு அறுபடக் கூடாது.

இந்தச் சங்கிலி அறுந்ததற்குப் பிரபலமான உதாரணம் நடிகர் சல்மான் கான் வழக்கு. 2002 செப்டம்பர் 28 அன்று மும்பை பாந்த்ராவில் நடைபாதையில் தூங்கியவர்கள் மீது கார் ஏறி ஒருவர் இறந்தார். ரத்தத்தில் மது இருந்ததாக ஆய்வக அறிக்கை வந்தது. 2015 மே மாதம் செஷன்ஸ் நீதிமன்றம் ஐந்து வருஷம் தண்டனை கொடுத்தது. அதே வருஷம் டிசம்பரில் பம்பாய் உயர் நீதிமன்றம் அவரை விடுவித்தது. ரத்த மாதிரி கைமாறிய விதத்தைச் சந்தேகத்துக்கு இடமில்லாமல் அரசுத் தரப்பு நிரூபிக்கவில்லை என்பது காரணங்களில் ஒன்று. மகாராஷ்டிர அரசு உச்ச நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்தது. 2024 மே மாதம் புனேயில் போர்ஷே கார் மோதி இரண்டு இளம் பொறியாளர்கள் இறந்த வழக்கிலோ, கார் ஓட்டிய சிறுவனின் ரத்தத்தையே மாற்றி வைத்ததாகக் குற்றம்சாட்டி மருத்துவர்களையும் போலீஸ் கைது செய்தது. சீல் என்பது ஓட்டியவருக்கு மட்டுமான பாதுகாப்பு இல்லை, செத்துப்போனவருக்கும் அதுதான் பாதுகாப்பு.

சரி, ஊதச் சொன்னால் என்ன செய்வது? வங்கிக் கவுண்டரில் ஒரு பலகை பார்த்திருப்பீர்கள்: கவுண்டரை விட்டு நகரும் முன் பணத்தை எண்ணிச் சரிபார்த்துக்கொள்ளவும். வீட்டுக்குப் போய்விட்டு, நோட்டு ஒன்று குறைகிறது என்று வந்தால் எங்களால் ஒன்றும் செய்ய முடியாது. இங்கும் அதேதான். கேட்க வேண்டியதை அந்த இடத்திலேயே கேட்க வேண்டும், சத்தம் போடாமல் கேட்க வேண்டும்.

மெஷின் பூஜ்யம் காட்டுவதைப் பார்க்கலாமா என்று கேளுங்கள். புதுக் குழல் கேளுங்கள். மருந்தோ அரிஷ்டமோ எடுத்திருந்தால் ஊதும் முன்பே சொல்லுங்கள், புட்டியைக் காட்டுங்கள். வாய் கொப்பளித்து, இருபது நிமிஷம் கழித்து இன்னொரு முறை ஊத வாய்ப்புக் கேளுங்கள். சீட்டில் பெயர், நேரம், எண், மெஷின் எண் நான்கையும் படியுங்கள். போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள். ஒப்புக்கொள்ளவில்லை என்றால் கையெழுத்துக்கு மேலே "மறுப்புடன்" என்று ஒரு வார்த்தை எழுதுங்கள். இரண்டு மணி நேரத்துக்குள் அரசு மருத்துவமனையில் ரத்தப் பரிசோதனை வேண்டும் என்று நீங்களே கேளுங்கள். கைதானவரைப் பரிசோதித்தால், பாரதிய நாகரிக சுரக்ஷா சன்ஹிதா பிரிவு 53-இன்படி அறிக்கையின் நகல் அவருக்குத் தரப்பட வேண்டும். வீட்டுக்குப் போன் போடுங்கள். இது ஜாமீனில் விடக்கூடிய குற்றம்தான், பயப்பட வேண்டாம்.

கோர்ட்டுக்குப் போகும் முன் ஒரு வக்கீலைப் பாருங்கள். மெஷின் கடைசியாக எப்போது அளவு சரிபார்க்கப்பட்டது, அதற்குச் சான்று உண்டா என்பதை அவர் கேட்பார். வசதி இல்லாதவர்களுக்கு நீதிமன்ற வளாகத்தில் வட்டச் சட்டப் பணிகள் குழு இருக்கிறது. 15100 என்ற இலவச எண்ணிலும் சட்ட உதவி கேட்கலாம்.

இவ்வளவும் குடிக்காதவருக்குச் சொன்னது. குடித்தவர் இதைக் குறித்துக்கொண்டு தப்பிக்க நினைத்தால், அவருக்கும் ஒரு கணக்குப் போட்டுக் காட்டுகிறேன்.

65 கிலோ எடையுள்ள ஆள், 30 மில்லி அரிஷ்டம் குடிக்கிறார். அதில் மது 10 சதவீதம் என்று வைத்தால், ரத்தத்தில் ஏறுவது ஐந்தாறு மில்லிகிராம்தான். அதாவது என் மருமகன் ரத்தம் கொடுத்திருந்தால் தப்பித்திருப்பான். அதே ஆள் ஒரு குவார்ட்டர், அதாவது 42.8 சதவீதம் மது உள்ள சரக்கு 180 மில்லி குடித்தால், 130-க்கு மேலே போகும். அதில் பாதி குடித்தாலே வரம்பைப் போல் இரண்டு மடங்கு. உடம்பு ஒரு மணி நேரத்தில் இறக்குவது சராசரியாக 15 மில்லிகிராம். ராத்திரி 11 மணிக்கு ஒரு குவார்ட்டரை முடித்துவிட்டுப் படுத்தவருக்கு, காலை 5 மணிக்கு இன்னும் 40-க்கு மேல் இருக்கும். கொடை முடிந்து "தூங்கி எழுந்துட்டேன், தெளிஞ்சிருச்சு" என்று வண்டி எடுக்கிறோமே, அந்த நேரம்தான் இது. மோர், எலுமிச்சை, காபி, குளியல் எதுவும் இந்தக் கணக்கை மாற்றாது. பாக்கு போட்டால் வாடைதான் மறையும், மெஷின் வாடையைப் பார்ப்பதில்லை.

வழக்கில் தப்பித்தாலும் பணத்தில் தப்பிக்க முடியாது. 2007 டிசம்பரில் டெல்லி இந்தியா கேட் பக்கத்தில் ஒரு போர்ஷே கார் நடைபாதையில் மோதி எரிந்தது. ஓட்டியவருக்கு மூச்சுச் சோதனையும் இல்லை, ரத்தச் சோதனையும் இல்லை. காருக்கு இன்சூரன்ஸ் கேட்டார்கள். 2021-இல் உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது. இன்சூரன்ஸ் விஷயத்தில் 30 மில்லிகிராம் அளவைக் காட்டித்தான் ஆக வேண்டும் என்பதில்லை, மற்றச் சூழ்நிலைகளை வைத்தும் குடிபோதையில் ஓட்டினார் என்று முடிவு செய்யலாம் என்றது. அடிபட்டவருக்கு இழப்பீடு என்று வந்தால், இன்சூரன்ஸ் நிறுவனம் முதலில் கொடுத்துவிட்டு வண்டி உரிமையாளரிடம் வசூலித்துக்கொள்ளலாம் என்று 2023-இல் சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது. வசூல் என்று வந்தால் அது வீட்டின் மீதும் வரும், நகையின் மீதும் வரும். வங்கியில் இருந்தவன் சொல்கிறேன், நம்புங்கள்.

முடிக்கும் முன் ஒரு வேண்டுகோள். நம் காவலாளி அறையில் ஒரு நோட்டு வைப்போம். குடிக்காத, லைசென்ஸ் உள்ள, ராத்திரியில் கூப்பிட்டால் வரத் தயாரான ஆட்களின் பெயரும் போன் நம்பரும் அதில் இருக்கட்டும். ஊரில் விசேஷத்துக்குப் போய் மாட்டிக்கொண்டவர் கூச்சப்படாமல் கூப்பிடட்டும். இன்னொருவரை அழைத்துக்கொண்டு போய், ஒருவர் அவரைக் கூட்டி வரலாம், மற்றவர் அவர் வண்டியை எடுத்து வரலாம். ஏன் குடித்தாய் என்று அந்த நேரத்தில் யாரும் கேட்க வேண்டாம். முதல் பெயராக என் பெயரை எழுதிக்கொள்ளுங்கள். எனக்கு ராத்திரியில் தூக்கம் குறைவு.

என் மருமகனுக்கு லைசென்ஸ் திரும்பக் கிடைத்துவிட்டது. வேன் மறுபடி ஓடுகிறது. அரிஷ்டத்தை இப்போது வீட்டில்தான் வைத்திருக்கிறான். பள்ளித் தோழரின் மனைவி கேட்ட கேள்விக்கு மட்டும் அன்றைக்கு என்னிடம் பதில் இருக்கவில்லை. விபத்து நடந்த இடத்தில் நாம் நின்றால், மோந்து பார்த்ததோடு நிற்காமல், "உடனே ரத்தம் எடுங்கள்" என்று ஒரு வார்த்தை சொல்வோம். அதையாவது அவருக்காகச் செய்வோம்.